கல்யாண வண்டியை மறித்த கயிறு

எங்கள் கோமகனுடைய நாட்டை ஒரு நல்ல குதிரை காலையில் கிளம்பினால் மதியச் சாப்பாட்டுக்குள் தாண்டிவிடும். என் அண்ணன் வைத்திருந்த குதிரை என்றால் சாயங்காலம் ஆகும். அப்படிப்பட்ட நாட்டுக்கு ஒரு கொடி, ஒரு பட்டாளம், வியன்னாவில் ஒரு தூதர், பெர்லினில் ஒரு தூதர். எல்லையைத் தாண்டினால் இளவரசர் நாடு. அது எங்களுடையதைவிடச் சின்னது. அங்கேயும் கொடிக்குக் குறைவில்லை. இப்படி முப்பதுக்கு மேற்பட்ட நாடுகள் சேர்ந்து ஃப்ராங்க்ஃபுர்ட் நகரத்தில் ஒரு கூட்டமைப்பு வைத்திருந்தன. அந்தக் கூட்டமைப்பு என்ன செய்தது என்று என்னைக் கேட்காதீர்கள். கூடியது. எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

எங்கள் ஊர் எர்லன்பாக், கோமகனைச் சேர்ந்தது. அடுத்த ஊர் முல்டன், இளவரசரைச் சேர்ந்தது. நடுவில் இரண்டு ஊர் மாடுகளும் மேயும் ஒரு புல்வெளி. அதன் இந்த ஓரத்தில் எங்கள் எல்லைக்கல், அந்த ஓரத்தில் அவர்களுடையது. நடுவில் இருப்பது யாருடையது என்று மூன்று தலைமுறையாக வழக்கு நடந்தது. மாடுகள் தீர்ப்புக்குக் காத்திருக்கவில்லை.

என் அண்ணன் மகள் ஒட்டீலியை வளர்த்தது நான்தான். அவள் அம்மா பிரசவத்தில் போனாள். அண்ணன் காட்டில் மரம் சாய்ந்து போனான். எனக்குக் கல்யாணம் ஆகவில்லை. அதற்கு என் வாய்தான் காரணம் என்று ஊரில் சொல்வார்கள். அந்த வாய் இருந்ததால்தான் ஒரு பெண்பிள்ளையை வைத்துக்கொண்டு பிழைத்தேன் என்பது என் கட்சி.

ஒட்டீலிக்கு முல்டனில் மாப்பிள்ளை அமைந்தது. மாவு ஆலைக்கார வெண்டலினின் மூத்த மகன், யோஸ்ட். தங்கமான பையன். ஆனால் அப்பா தும்மினால் இவன் மூக்கைத் துடைத்துக்கொள்வான். அது ஒன்றுதான் எனக்கு உறுத்தியது. ஆலை இருக்கிறது, வீடு இருக்கிறது, பெண்ணுக்கும் பிடித்திருக்கிறது, நான் என்ன சொல்ல?

எங்கள் பக்கத்துச் சட்டம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். வேறு நாட்டில் வாழ்க்கைப்படப் போகிற பெண், முதலில் பிறந்த நாட்டின் குடிகள் பதிவிலிருந்து தன் பெயரை எடுத்துவிட வேண்டும். மோதிரம் மாற்றிய பிறகுதான் புகுந்த நாடு சேர்த்துக்கொள்ளும். இடையில் இருக்கிற நாட்களில் அவள் கடவுளின் குடி மட்டும். இரண்டு மூன்று நாள்தானே என்று யாரும் இதைப் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. ஒட்டீலியின் பெயரைச் சனிக்கிழமை எடுத்தோம். திங்கட்கிழமை கல்யாண வண்டி கிளம்பியது. செவ்வாய்க்கிழமை முல்டன் தேவாலயத்தில் கல்யாணம்.

அந்த 1866 ஜூன் மாதம் ஆஸ்திரியாவும் பிரஷ்யாவும் முறைத்துக்கொண்டிருந்தது எங்களுக்கும் தெரியும். எங்கள் கோமகன் கூட்டமைப்போடு ஆஸ்திரியா பக்கம் நின்றுவிட்டார், இளவரசர் பிரஷ்யா பக்கம் போய்விட்டார் என்று மதுக்கடையில் பேசிக்கொண்டார்கள். பேசட்டும் என்று நான் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தேன். பெரிய மனிதர்களின் சண்டை பொஹீமியா பக்கம் எங்கோ நடக்கும், நம் ஊர் மாட்டு வெளிக்கும் அதற்கும் என்ன சம்பந்தம் என்றிருந்தேன்.

கல்யாண வண்டியைப் பூவும் ரிப்பனுமாகக் கட்டினோம். துணி அலமாரி, கட்டில், மலைபோல் இறகு மெத்தைகள், தொட்டில், எல்லாவற்றுக்கும் மேலே சிவப்பு ரிப்பன் சுற்றிய நூல் ராட்டினம். அதற்குப் பக்கத்தில் ஒட்டீலி உட்கார்ந்தாள். வண்டிக்குப் பின்னால் மாலை போட்ட பசு. முன்னால் கிலியன் நடந்தான். கிலியன் எங்கள் ஊரின் கல்யாண அழைப்பாளன். தொப்பி முழுக்கப் பூ, கையில் கோல், இடுப்பில் சாராயப் பாட்டில்கள், வாயில் எந்நேரமும் பாட்டு. வண்டி கிளம்பும்போது அவன் எல்லோருக்கும் கேட்க ஒன்றைச் சொல்வான்: கல்யாண வண்டி திரும்பக்கூடாது. வண்டி திரும்பினால் வாழ்வும் முகம் திருப்பிக்கொள்ளும்.

முல்டன்காரர்களின் எல்லைக்கல்லை நாங்கள் நெருங்கும்போது சாலைக்குக் குறுக்கே கயிறு கட்டியிருந்தது. பின்னால் நாலைந்து பையன்கள், பட்டாளத்துக் கோட்டும் துப்பாக்கியுமாக.

எங்களுக்கு ஒரே சந்தோஷம். மாப்பிள்ளை ஊர்ப் பையன்கள் கயிறு கட்டி மறிப்பதும், அழைப்பாளன் பாட்டுப் பாடிக் காசும் சாராயமும் கொடுத்து வழி வாங்குவதும் இல்லாத கல்யாணம் எங்கள் பக்கத்தில் கிடையாது. பட்டாளத்தில் இருந்துவந்த பையன்கள் அன்றைக்குப் பழைய கோட்டை மாட்டிக்கொண்டு துப்பாக்கியை வானத்தில் வெடிப்பார்கள். அதுவும் வழக்கம்தான். ஆகவே அந்தக் கயிற்றில் எங்கள் யாருக்கும் ஒரு சந்தேகமும் வரவில்லை.

"கயித்துல ஒரு ரிப்பன்கூடக் கட்டல பாரு கிலியா" என்றேன்.

"முல்டன்காரன் கஞ்சன்னு தெரிஞ்சதுதானே அக்கா. பேசாம வாங்க" என்று அவன் கோலைத் தட்டிப் பாட ஆரம்பித்தான்.

"கயித்தைப் பிடிச்ச கைக்குக் காசு,
அவுத்துவிட்ட கைக்குச் சாராயம்,
பொண்ணு வாரா வழியை விடு,
பொறக்குற புள்ளைக்கு உன் பேரு."

பையன்களில் ஒருவனை மட்டும் எங்களுக்குத் தெரியும். ஃபைட், முல்டன் கொல்லன் மகன். அவன் கயிற்றைப் பிடித்தபடி திருதிருவென்று விழித்தான். எங்கள் நாட்டிலிருந்து ஈ காக்கையைக்கூட விடக்கூடாது என்பது அவனுக்கு வந்த உத்தரவு. அது எங்களுக்குப் பிறகுதான் தெரிந்தது. ஆனால் அவனும் இந்த வட்டாரத்துப் பையன்தானே. கையில் கயிறு, எதிரில் கல்யாண வண்டி, காதில் கிலியனின் பாட்டு. பழகிய கை தானாக நீண்டது.

"இந்த ஒரு பாட்டிலை வச்சு எங்க அஞ்சு பேர் நாக்கு நனையுமா? இன்னொண்ணு எடு" என்றான் ஃபைட்.

"உனக்குக் கல்யாணம் ஆகறப்ப உன் மாமியார் வீட்டுல கேளுடா" என்றான் கிலியன்.

பேரம் நடந்தது. இரண்டாவது பாட்டில் கைமாறியது. நான் சில்லறையை அள்ளி வீசினேன். ஃபைட் கயிற்றைத் தாழ்த்தினான். குதிரையின் முன்கால் அதைத் தாண்டியும் விட்டது. அப்போது சரிவின் மேலிருந்து ஒரு துப்பாக்கி வெடித்தது. மாப்பிள்ளை வீட்டு மரியாதை என்று நாங்கள் எல்லோரும் கைதட்டினோம். நான்தான் மற்றவர்களைவிடப் பலமாகத் தட்டினேன்.

சுட்டவர் குதிரைமேல் சரிவில் இறங்கி வந்தார். வடக்கேயிருந்து வந்த பிரஷ்யத் துணை அதிகாரி. மீசை சரியாக முளைக்காத வயது. முகம் சிவந்திருந்தது.

"இது என்ன கூத்து? யார் இவங்க?"

கிலியன் தொப்பியைக் கழற்றி வணங்கினான். "மாப்பிள்ளைத் தோழர் போல இருக்கு. உங்களுக்குன்னு தனியா ஒரு பாட்டில் வச்சிருக்கேன் ஐயா. வீட்டுல வடிச்சது."

அந்த அதிகாரிப் பையனைக் குறை சொல்லி என்ன பயன்? அவர் ஊரில் கல்யாணத்துக்குக் கயிறு கட்டும் வழக்கம் இல்லை. எதிரி நாட்டு வண்டி ஒன்று காவலுக்குச் சாராயம் ஊற்றி எல்லைக்குள் நுழைகிறது. அவர் கண்ணுக்கு அதுதான் தெரிந்தது. ஃபைட்டை அங்கேயே இரண்டு அறை விட்டார். எங்களைப் பார்த்து, "நமக்குள்ள போர் வந்தாச்சு. வண்டியைத் திருப்புங்க. இல்லேன்னா எல்லாத்தையும் பறிமுதல் பண்ணிடுவேன்" என்றார்.

வண்டியைத் திருப்பக்கூடாது என்று கிலியன் எவ்வளவோ சொன்னான். திருப்பாமல், குதிரையைப் பின்னாலேயே நடக்கவைத்துப் புல்வெளியின் நடுவுக்கு வந்தோம். அதற்குள் எங்கள் பக்கத்து எல்லைக்கல்லிலும் ஒரு கயிறு ஏறியிருந்தது. எங்கள் வட்ட அதிகாரி இரண்டு வனக்காவலர்களோடு நின்றார்.

"நீங்க வரலாம், அபலோனியா. நீங்க கோமகன் குடி. கிலியனும் வரலாம். பொண்ணு வர முடியாது. அவ பேரைச் சனிக்கிழமை எடுத்தாச்சு. போர்க்காலத்துல வெளியாளைச் சேர்த்தா என் வேலை போயிடும்."

"வெளியாளா? இவ ஞானஸ்நானத்துக்கு வந்து கேக்கு தின்னுட்டுப் போனீங்களே, அப்போ இவ எந்த ஊரு?"

"எனக்கு மட்டும் மனசு இல்லையா? உத்தரவு" என்றார். அவர் முகத்தைப் பார்த்தேன். உண்மையாகவே வெட்கப்பட்டார். அதனால் இன்னும் கோபம் வந்தது. வெட்கப்படாத ஆளாக இருந்தால் நன்றாகத் திட்டியாவது இருப்பேன்.

இப்படியாக ஒட்டீலி மாட்டு வெளியில் நின்றாள். மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி என்பார்கள். இவளுக்கு இரண்டு பக்கமும் கயிறு. முல்டன் சேர்த்துக்கொள்ளாவிட்டால் அவளுக்கு ஊர் இல்லை. ஊர் இல்லாதவளுக்கு வேலை கொடுக்க யாருக்கும் அனுமதி கிடையாது. செத்தால் புதைக்கக்கூட இடம் கேட்டு எழுத வேண்டும். நான் வீட்டுக்குப் போகவில்லை. போவேனா? குதிரையை அவிழ்த்து மேயவிட்டோம். வண்டியின் மேல் கட்டிலையும் மெத்தைகளையும் ஒழுங்குபடுத்தினோம். கல்யாணக் கட்டிலில் முதலில் படுத்தது மாப்பிள்ளை இல்லை, நான்.

முதல் நாள் சாயங்காலம் யோஸ்ட் ஓடிவந்தான். ஒரு கையில் பன்றித்தொடைக் கறி, மறு கையில் கல்யாணத்துக்குச் சுட்ட கேக்கு. அறுபது பேருக்குச் சமைத்தது வீட்டில் கிடக்கிறதாம். கயிற்றுக்கு அந்தப் பக்கம் நின்று ஒட்டீலியின் கையைப் பிடித்துக்கொண்டு நெடுநேரம் பேசினான். ஃபைட், கன்னம் வீங்கியபடி, வேறு எங்கோ பார்த்தான்.

"ரெண்டு நாள்ல சரியாயிடும். அப்பா இளவரசரோட ஆளுங்களைப் பார்த்துப் பேசறேன்னு சொல்லியிருக்கார்" என்றான் யோஸ்ட்.

மறுநாள், கல்யாணம் நடக்க வேண்டிய நாள், அவன் வெறுங்கையோடு வந்தான். அதிக நேரம் நிற்கவில்லை. மூன்றாம் நாள் அவனுக்குப் பதில் அவன் அப்பா வந்தார். வெண்டலின் கயிற்றிலிருந்து நாலடி தள்ளியே நின்றார்.

"சம்பந்தியம்மா, கோவிச்சுக்காதீங்க. ஆலை உரிமம் இளவரசர் குடுத்தது. எதிரி நாட்டுப் பொண்ணுக்கு என் வீட்டுலேர்ந்து சோறு போகுதுன்னு யாரோ சொல்லியிருக்காங்க. பட்டாளத்துக்கு மாவு அரைக்கிற நேரம் இது. பையனையும் வர வேண்டாம்னு சொல்லிட்டேன். காலம் சரியில்ல."

"காலம் சரியில்லேன்னா மருமக பட்டினி கிடக்கணுமா?"

"இன்னும் மருமக ஆகலையே" என்றார். சொன்ன பிறகு அவருக்கே அது வாய்க்குள் கசந்திருக்க வேண்டும். தலையைக் குனிந்துகொண்டு போனார்.

யோஸ்ட் வரவில்லை. ஆலையின் மேல் ஜன்னல் புல்வெளியிலிருந்து தெரியும். அங்கே ஓர் ஆள் நிற்பது மட்டும் தெரிந்தது. ஒட்டீலி பசுவைக் கறந்துகொண்டே அந்த ஜன்னலைப் பார்ப்பாள். நான் திட்டுவதற்கு வாயெடுத்தால், "விடுங்க அத்தை, அவன் பயந்த சுபாவம்" என்பாள். எங்கள் ஊரார் கயிற்றுக்கு மேலாகச் சூப்பும் ரொட்டியும் கொடுத்தார்கள். வனக்காவலர்கள் கண்டுகொள்ளவில்லை. ஃபைட்கூட ஒருநாள் தன் பங்குப் பட்டாணியில் பாதியைக் கொண்டுவந்து கொடுத்தான். கல்யாணக் கேக்கின் கடைசித் துண்டை ஒட்டீலி மழையில் நனையாமல் தொட்டிலுக்குள் வைத்திருந்தாள். அதை அவனுக்குக் கொடுத்துவிட்டாள்.

அடுத்த வாரம் ஒருநாள் காலையில் எங்கள் வட்ட அதிகாரி தாமே வந்து கயிற்றை அவிழ்த்தார். முகமெல்லாம் பல். பிரஷ்யப் படை நம் தலைநகருக்குப் பக்கத்தில் வந்துவிட்டதாம். கோமகன் காலைக் காப்பிக்குள் யோசித்து முடித்து பிரஷ்யாவோடு சேர்ந்துவிட்டாராம். அந்தப் பக்கத்துக் கயிறும் இறங்கியது. முதல் நாள் எங்களைத் துரத்திய துணை அதிகாரி எனக்குச் சல்யூட் வைத்தார்.

"இப்ப நாம ஒரே பக்கம்" என்றார்.

"நான் எந்தப் பக்கமும் நகரலையே ஐயா, இதே கட்டில்லதான் படுத்திருக்கேன்" என்றேன்.

மதியத்துக்குள் முல்டனிலிருந்து மேளதாளத்தோடு ஊர்வலம் வந்தது. இரண்டு பிடில், ஒரு கிளாரினெட். முன்னால் வெண்டலின், புதுக் கோட்டில். யோஸ்டின் அம்மா கை நிறையப் பூவோடு. நடுவில் யோஸ்ட். வெண்டலின் என்னைக் கட்டிப்பிடிக்காத குறை.

"எல்லாம் நல்லபடியா முடிஞ்சுது சம்பந்தியம்மா. பாதிரியார் காத்துக்கிட்டிருக்கார். பழசையெல்லாம் மறந்துடுவோம்."

எனக்கும் மறந்துவிடத்தான் ஆசை. இடுப்பு வலி ஒரு பக்கம், ஊர் வாய் ஒரு பக்கம். கிலியன் அதற்குள் குதிரையைப் பூட்டிவிட்டான். ஆனால் ஒட்டீலி ராட்டினத்துக்குப் பக்கத்தில் ஏறி உட்காரவில்லை. யோஸ்டுக்கு எதிரில் போய் நின்றாள்.

"ஒண்ணு கேட்கணும். கோமகனும் இளவரசரும் இன்னிக்கு சேர்ந்துட்டாங்க. நாளைக்கு மறுபடி சண்டை வந்தா, மறுபடி கயிறு கட்டினா, நீ எந்தப் பக்கம் நிப்ப?"

பிடில்காரன் வாசிப்பதை நிறுத்தினான். வெண்டலின் மகனை முழங்கையால் இடித்தார். "உன் பக்கம்தான்னு சொல்லேன்டா. இதுக்கு ஒரு யோசனையா?"

சொல்லியிருக்கலாம். நாக்கைப் புரட்ட எவ்வளவு நேரம்? அந்த வாரம் எத்தனையோ பெரிய மனிதர்கள் எத்தனையோ சத்தியம் செய்தார்கள், அதில் இன்னொன்று சேர்ந்திருக்கும். யோஸ்ட் தன் காலணியைப் பார்த்தான், ஆலையைப் பார்த்தான், அவளைப் பார்த்தான். கண்ணில் தண்ணீர் நின்றது.

"எனக்குத் தெரியல ஒட்டீலி."

அவனை ஓங்கி அறைய வேண்டும் போலவும் இருந்தது, கட்டிக்கொண்டு அழ வேண்டும் போலவும் இருந்தது. பொய் சொல்லத் தெரியாத பிள்ளை.

"தெரிஞ்சப்புறம் வா" என்றாள் ஒட்டீலி.

பிறகு குதிரையின் கடிவாளத்தைத் தானே பிடித்தாள். மாலை போட்ட பசு, தொட்டில், அலமாரி, மெத்தை எல்லாவற்றோடும் கல்யாண வண்டியை எர்லன்பாக் பக்கம் முழுசாகத் திருப்பினாள். கிலியன் தலையில் கைவைத்துக்கொண்டு புல்லில் உட்கார்ந்துவிட்டான். இருபது வருஷத்தில் அவன் அழைத்த ஒரு வண்டியும் திரும்பியதில்லை.

அன்றைக்கு அவள்மேல் எனக்கு வந்த கோபத்தைச் சொல்லி முடியாது. "உனக்கு என்னடி திமிரு? ஆம்பளைன்னா அப்படி இப்படித்தான் இருப்பான். ஆலை போச்சு, வீடு போச்சு, இனி உன்னை யாரு கட்டுவா?" என்று வழி முழுக்கக் கத்தினேன். வட்ட அதிகாரி அன்றைக்கே அவள் பெயரைத் திரும்பச் சேர்த்துவிட்டார். செய்த பாவத்துக்குப் பரிகாரம் போல. தொட்டிலைப் பரணில் ஏற்றினோம். ஏற்றும்போது மட்டும் அவள் அழுதாள். அதோடு என் திட்டும் நின்றது.

ஊர் சும்மா இருக்குமா? கிணற்றடியில் பேச்சு, தேவாலய வாசலில் பேச்சு. திரும்பி வந்த வண்டி என்று வீட்டுக்கே பெயர் வைத்துவிட்டார்கள்.

பத்து நாள்கூட ஆகியிருக்காது. ஆஸ்திரியாவோடு சேர்ந்த பவேரியப் படை தெற்கேயிருந்து எங்கள் எல்லைவரை வந்துவிட்டது. எங்கள் கோமகன் மறுபடி காப்பி குடித்தார், மறுபடி யோசித்தார், மறுபடி ஆஸ்திரியா பக்கம் வந்துவிட்டார். கடைசியில் ஜெயித்தது பிரஷ்யா, அவரும் அந்தப் பக்கமே போய் நின்றார் என்பது உங்களுக்கே தெரியும். இப்போது எல்லோரும் ஒரே கொடியின் கீழ்தான் இருக்கிறோம். ஆனால் அன்றைக்கு இரண்டு கயிறும் பழையபடி ஏறின. இந்தத் தடவை கடுமையான உத்தரவு. தாண்டுகிறவனைச் சுடலாம்.

புல் அறுத்துக் காயப்போட்டிருந்த நேரம். எங்கள் வயல் எல்லைக்கல்லை ஒட்டியது. ஒட்டீலியும் நானும் வாருகோலால் புல்லைப் புரட்டிக்கொண்டிருந்தோம். மேற்கே மழை கறுத்துக்கொண்டு வந்தது. அவள்தான் முதலில் பார்த்தாள். அவள் கோல் நின்றுவிட்டது. நானும் நிமிர்ந்தேன்.

முல்டன் பக்கத்துச் சாலையில் யோஸ்ட் நடந்து வந்துகொண்டிருந்தான். தோளில் ஒரு சின்ன மூட்டை. கயிற்றில் ஃபைட் காவல். இவன் நெருங்கியதும் ஃபைட் பார்லி வயலுக்குள் எதையோ தொலைத்தவன் போல முதுகைத் திருப்பிக்கொண்டு தேட ஆரம்பித்தான். யோஸ்ட் குனிந்து கயிற்றுக்கு அடியில் நுழைந்தான்.

ஆலைப் பக்கமிருந்து வெண்டலினின் குரல் வந்தது. ஓடிவந்து மூச்சு வாங்கக் கத்தினார். "அந்தப் பக்கம் போனா ஆலை உன் தம்பிக்கு. இந்த வீட்டு வாசலை மிதிக்காதே. சுட்டாங்கன்னா நான் தூக்க வர மாட்டேன்."

சொன்னவர் அழுதுகொண்டே சொன்னார். எனக்குக் கேட்டது. பெற்ற அப்பனுக்கு மிரட்டுவதைத் தவிர வேறு வழி தெரியவில்லை. யோஸ்ட் புல்வெளி நடுவில் நின்றுவிட்டான். திரும்பி அப்பாவைப் பார்த்தான். போய்விடுவான் என்றே நினைத்தேன். போனால் திட்டக்கூடாது என்றும் மனதுக்குள் சொல்லிக்கொண்டேன். பிறந்த வீடு, பெற்றவர், கைக்கு வந்த தொழில், எல்லாம் அந்தப் பக்கம். இந்தப் பக்கம் ஒரு பெண், கூடவே வாய் நீண்ட ஓர் அத்தை. துணிச்சல்காரனாக இருந்தால் ஓடி வந்திருப்பான். இவன் நடந்து வந்தான். ஒவ்வோர் அடியையும் பயந்து பயந்து வைத்து, எங்கள் கயிறுவரை வந்து நின்றான்.

வனக்காவலர் துப்பாக்கியை நீட்டினார். வேட்டைக்குத் தவிர அதை அவர் தூக்கியதில்லை.

"நில்லு. யாரு நீ? நண்பனா, எதிரியா?"

இந்தக் கேள்விக்கு அந்தக் கோடையில் எந்த அரசனும் ஒரு மாதம் சேர்ந்தாற்போல் ஒரே பதில் சொல்லவில்லை.

"மாப்பிள்ளை" என்றான் யோஸ்ட்.

வனக்காவலருக்கு அவனைத் தெரியாதா? மூன்று வருஷமாக அவன் ஆலையில்தான் மாவு அரைக்கிறார். ஆனாலும் உத்தரவு உத்தரவுதான். துப்பாக்கியைத் தாழ்த்தாமல் கேட்டார்.

"யார் வீட்டு மாப்பிள்ளை?"

அதற்கான பதில் அவன் சொல்லிவிடக்கூடியது இல்லை. கயிற்றைப் பிடித்தபடி ஒட்டீலியைப் பார்த்தான். நானும் பார்த்தேன். அவள் பதில் சொல்லவே போவதில்லை என்று எனக்குத் தோன்றிவிட்டது. என் வாழ்நாளில் முதல்முறையாக, பேச வேண்டிய இடத்தில் நான் வாயைப் பொத்திக்கொண்டிருந்தேன்.

"எங்க வீட்டு" என்றாள் ஒட்டீலி. "உள்ள விடுங்க. மழை வருது."

வனக்காவலர் கயிற்றைத் தூக்கிப் பிடித்தார். எனக்குக் கண் மறைத்தது. யாரும் பார்க்காமல் இடுப்பில் கட்டியிருந்த முன்துணியால் துடைத்துக்கொண்டு, என் வாருகோலை அந்தப் பையன் கையில் கொடுத்தேன். பாதி வயல் இன்னும் பாக்கி இருந்தது.